கோர்டாவைக் காட்டுங்கள், முழுசாகக் காட்டுங்கள்: திரைப்படச் சங்கங்களுக்கு ஒரு திறந்த மடல்

திரைப்படச் சங்கங்களை நடத்தும் நண்பர்களுக்கும், கல்லூரிகளில் சினிமா வரலாறு சொல்லிக்கொடுக்கும் ஆசிரியர்களுக்கும் வணக்கம்.

உங்கள் திரையிடல் பட்டியல்களைப் பல வருடங்களாகப் பார்த்து வருகிறேன். தொடர் திரையிடல் என்றாலே ஓர் இயக்குநரின் பெயர்தான். அந்தப் படத்துக்குப் பணம் எங்கிருந்து வந்தது, கதையை யார் தேர்ந்தெடுத்தார்கள், யாரை வேலைக்கு வைத்தார்கள், யாரை நீக்கினார்கள் என்பதெல்லாம் துண்டுப் பிரசுரத்தில் ஒரு வரிகூட வருவதில்லை. ஒரே ஒரு முறை ஒரு தயாரிப்பாளரின் பெயரில் தொடர் நடத்துங்கள் என்று கேட்கத்தான் இந்த மடல். ஹங்கேரியில் பிறந்து பிரிட்டனில் பெரும் தயாரிப்பாளரான அலெக்சாண்டர் கோர்டாவை எடுத்துக்கொள்ளுங்கள். 1919இலிருந்து 1939 வரை, இரண்டு உலகப் போர்களுக்கு இடையிலான அந்த இருபது வருடம் போதும்.

அவருடைய பெருமைக்குரிய படங்களை மட்டும் பொறுக்கி எடுக்காதீர்கள் என்பது அதோடு சேர்ந்த இன்னொரு வேண்டுகோள். ஏன் என்று சொல்கிறேன்.

ஹங்கேரியின் துர்கெவே ஊருக்குப் பக்கத்தில் 1893இல் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தவர் ஷாந்தோர் கெல்னர். அப்பா ஒரு பெரிய பண்ணையில் மேற்பார்வையாளர். பையனுக்குப் பதின்மூன்று வயது இருக்கும்போதே இறந்துவிட்டார். ஷாந்தோர் புடாபெஸ்டுக்கு வந்து பத்திரிகையில் எழுதிப் பிழைத்தார். கோர்டா என்பது அப்போது வைத்துக்கொண்ட புனைபெயர். சினிமாப் பத்திரிகைகள் நடத்தினார், 1914இல் படம் இயக்க வந்தார், 1917இல் கோர்வின் என்ற படக் கம்பெனியை ஒரு கூட்டாளியோடு சேர்ந்து வாங்கினார். நகரத்தின் ஸுக்லோ பகுதியில் ஒரு ஸ்டூடியோ கட்டினார். அப்போது அவருக்கு இருபத்தைந்து வயதுகூட நிறைந்திருக்கவில்லை. ஹங்கேரியில் அவர் இயக்கிய இருபதுக்கும் மேற்பட்ட படங்களில் பெரும்பாலானவை இன்று இல்லை. ஹங்கேரிய எழுத்தாளர் யோகாயின் நாவலை வைத்து 1918இல் எடுத்த 'தங்க மனிதன்' தப்பிப் பிழைத்திருக்கிறது. நான் சொன்ன இருபது வருடத்துக்கு ஒரு வருடம் முந்தியது என்றாலும், தொடரை அதில் ஆரம்பியுங்கள்.

அதற்கு அடுத்த வருடம்தான் அவர் தலையெழுத்து மாறியது. 1919 மார்ச்சில் பேலா குன் தலைமையில் ஹங்கேரியில் சோவியத் அரசு அமைந்தது. 133 நாள்தான் அது இருந்தது. அந்த 133 நாளுக்குள், ரஷ்யாவே செய்வதற்கு முன்பாக, சினிமாத் தொழிலை அரசுடைமை ஆக்கிவிட்டது. கோர்டா அந்த அரசின் கலைக் குழுவில் இருந்தார், அந்த அரசுக்காகப் படமும் எடுத்தார். மனதார நம்பிச் செய்தாரா, ஸ்டூடியோ ஓட வேண்டுமே என்று செய்தாரா என்பதில் இரண்டு கருத்து உண்டு. அவருடைய பிற்காலத்தைப் பார்க்கும்போது இரண்டாவதுதான் எனக்குப் பொருத்தமாகப் படுகிறது. குன் அரசு விழுந்து வலதுசாரிக் கடற்படைத் தளபதி ஹோர்த்தியின் ஆட்கள் வந்ததும் இடதுசாரிகளையும் யூதர்களையும் வேட்டையாடத் தொடங்கினார்கள். கோர்டாவையும் பிடித்துக்கொண்டு போனார்கள். நடிகையான அவர் மனைவி மரியாவும் தம்பி ஸோல்தானும் ஆளாளுக்கு ஓடிப் பேசித்தான் அவரை மீட்டார்கள். வெளியே வந்தவர் வியன்னாவுக்கு ரயில் ஏறினார். பின்னாளில் ஹாலிவுட்டில் மைக்கேல் கர்ட்டிஸ் என்று பெயர் எடுத்த மிஹாய் கெர்தேஸ், டிராகுலாவாக நடித்த பேலா லுகோசி எல்லாருமே அந்த ஒரே வருடத்தில் அந்த நாட்டை விட்டுப் போனவர்கள்தான்.

இந்தக் கைதை உங்கள் அறிமுக உரையில் விட்டுவிடாதீர்கள். பின்னால் வரும் எல்லாவற்றுக்கும் வேர் அங்கேதான் இருக்கிறது.

வியன்னாவில் கோலோவ்ரட் பிரபுவின் சாஷா கம்பெனி, அப்புறம் பெர்லின், 1927இல் ஹாலிவுட், 1930இல் மறுபடி ஐரோப்பா. இந்தப் பத்து வருடத்தை நீங்கள் வேகமாகத் தாண்டிவிடலாம். ஹாலிவுட் அவருக்கு ஒத்துவரவில்லை. கம்பெனி சொன்னதைச் செய்யும் ஆளாக இருக்க அவரால் முடியவில்லை. ஒன்றை மட்டும் காட்டுங்கள்: பாரமவுண்ட் கம்பெனிக்காகப் பாரிஸில் 1931இல் அவர் இயக்கிய 'மரியுஸ்'. மார்செய் துறைமுகத்து மனிதர்களின் பேச்சை ஒரு ஹங்கேரியர் எவ்வளவு பொறுமையாகக் காதுகொடுத்துக் கேட்டிருக்கிறார் என்பது அதில் தெரியும்.

1931 கடைசியில் லண்டன் வந்தார். அடுத்த வருடமே லண்டன் பிலிம் புரொடக்ஷன்ஸ் தொடங்கினார். பிக் பென் கடிகாரக் கோபுரம்தான் கம்பெனி சின்னம். அந்தச் சமயத்தில் பிரிட்டனில் ஒரு சட்டம் இருந்தது: திரையரங்குகள் குறிப்பிட்ட பங்கு உள்நாட்டுப் படங்களைக் காட்டியே ஆக வேண்டும். 1927இல் வந்த சட்டம் அது. கணக்குக் காட்டுவதற்காகவே மட்டமான படங்களை அவசரமாக எடுத்துத் தள்ளிக்கொண்டிருந்தார்கள். கோர்டாவும் முதலில் அப்படிச் சிலவற்றை எடுத்தார். ஆனால் அமெரிக்கத் திரையரங்கில் அமெரிக்கப் படத்தோடு மோதி ஜெயிக்கும் படம்தான் அவர் கனவு.

அந்தக் கனவு 1933இல் 'எட்டாம் ஹென்றியின் அந்தரங்க வாழ்க்கை' படத்தில் பலித்தது. செலவு ஒரு லட்சம் பவுனுக்கும் குறைவு. லண்டனில் வெளியிடுவதற்கு முன்பே நியூயார்க்கின் ரேடியோ சிட்டி மியூசிக் ஹாலில் திரையிட்டார்கள். சார்ல்ஸ் லாட்டனுக்குச் சிறந்த நடிகருக்கான ஆஸ்கர் கிடைத்தது. லாட்டன் கோழியைக் கையால் பிய்த்துத் தின்று எலும்பைத் தோளுக்குப் பின்னால் வீசும் காட்சியைத்தான் எல்லாரும் சொல்வார்கள். நான் உங்களைப் பார்க்கச் சொல்வது படத்தின் முதல் சில நிமிடங்களை. ஹென்றியின் இரண்டாவது மனைவி ஆன் போலினுக்கு அன்று தலை வெட்டு. ஒரு பக்கம் தலையை வெட்டப்போகிறவன் வாளைத் தீட்டுகிறான். இன்னொரு பக்கம் அடுத்த ராணிக்காக அரண்மனையில் படுக்கை தயாராகிறது. நடுவில் ஆன் கண்ணாடி முன் தன்னைச் சரிசெய்துகொள்கிறாள். பெரிய கூட்டமோ பிரம்மாண்ட அரங்கமோ இல்லை. இருப்பதை வைத்து ராஜ வம்சத்தையே கண்முன் நிறுத்திவிட்டார்கள். கலை இயக்கம் கடைசித் தம்பி வின்சென்ட். திரைக்கதை எழுதிய இருவரில் ஒருவர் லயோஷ் பிரோ, கோர்டாவைப் போலவே 1919இல் புடாபெஸ்டை விட்டு ஓடிவந்தவர். ஒளிப்பதிவு ஜோர்ஜ் பெரினால் என்ற பிரெஞ்சுக்காரர். ஆங்கிலேய வரலாற்றை ஆங்கிலேயர்களுக்கே விற்றுக் காட்டியவர்கள் அகதிகளும் அயல்நாட்டவர்களும். தயாரிப்பாளர் வேலை என்றால் என்ன என்று மாணவர்களுக்குப் பாடம் எடுப்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியவில்லை. யார் யாரோடு சேர்ந்தால் என்ன நடக்கும் என்று முன்கூட்டியே பார்க்கும் கண் அது.

ஆன் போலினாக வந்து சில நிமிடங்களில் செத்துப்போகும் அந்தப் பெண் மெர்ல் ஓபரான். 1911இல் பம்பாயில் பிறந்தவர், தாய்வழியில் இலங்கைத் தொடர்பு உள்ளவர். கோர்டாவின் விளம்பரப் பிரிவு அவருக்கு ஒரு புதுப் பிறப்புக் கதையைக் கட்டியது: ஆஸ்திரேலியாவின் டாஸ்மானியாவில் பிறந்தவர் என்று. அந்தக் காலத்து லண்டனிலும் ஹாலிவுட்டிலும் கலப்பினப் பெண் என்று தெரிந்தால் கதாநாயகியாக நிற்க முடியாது. அந்தப் பொய்யை அவர் வாழ்நாள் முழுக்கச் சுமந்தார். 1935ஆம் வருடப் படத்துக்காக ஆஸ்கர் பரிந்துரை வந்தபோதும், 1939இல் கோர்டாவையே கல்யாணம் செய்துகொண்டபோதும், 1979இல் இறந்தபோதும் உலகம் அவரை டாஸ்மானியாக்காரர் என்றே நம்பியது. அவர் காலமான பிறகுதான் உண்மை வெளிவந்தது. நண்பர்களே, எட்டாம் ஹென்றியைத் திரையிடும்போது அவர் பிறந்த ஊரைத் துண்டுப் பிரசுரத்தில் அச்சிடுங்கள். தெரிந்த பிறகும் நாம் அச்சிடாமல் விட்டால் அந்தப் பொய்க்கு நாமும் உடந்தை.

அந்த ஒரு வெற்றியின் பலத்தில் புருடென்ஷியல் இன்சூரன்ஸ் கம்பெனி கோர்டாவுக்குப் பணம் கொட்டியது. லண்டனுக்கு அருகே டென்ஹாமில் 165 ஏக்கர் வாங்கி 1936இல் ஸ்டூடியோ திறந்தார். ஏழு படப்பிடிப்புத் தளங்கள், சொந்த லேபரட்டரி, சொந்த மின்சாரம். யுனைடெட் ஆர்ட்டிஸ்ட்ஸ் என்ற அமெரிக்கப் படக் கம்பெனியில் சாப்ளின், மேரி பிக்போர்ட், ஃபேர்பேங்க்ஸோடு பங்குதாரர் ஆனார். பிரிட்டிஷ் குடியுரிமையும் அதே 1936இல் கிடைத்தது. அந்த நாலைந்து வருடத்தில் அவர் கையில் நடந்ததைப் பார்த்தால் மலைப்பாக இருக்கும். பிரான்சிலிருந்து ரெனே க்ளேரை வரவழைத்தார். எச். ஜி. வெல்ஸை உட்கார வைத்துத் திரைக்கதை எழுத வைத்தார். அப்போது பதவியில் இல்லாத சர்ச்சிலைக்கூட ஐந்தாம் ஜார்ஜ் மன்னரைப் பற்றிய படத்துக்கு எழுதச் சொல்லிக் காசு கொடுத்தார், படம் எடுக்கப்படவில்லை. மிக்லோஷ் ரோஸா முதன்முதலாகத் திரைப்படத்துக்கு இசையமைத்தது கோர்டாவின் கம்பெனியில்தான். மைக்கேல் பவலையும் ஹங்கேரியரான எமெரிக் பிரஸ்பர்கரையும் ஒரே மேசையில் உட்கார வைத்தவர் அவர். பின்னாளில் பிரிட்டிஷ் சினிமாவின் தலைசிறந்த ஜோடி என்று நீங்கள் தனித் தொடரே நடத்தும் இருவர்! அந்தத் தொடரில் கோர்டாவின் பெயர் வந்ததாக எனக்கு நினைவில்லை.

அவர் கைப்பட இயக்கிய 'ரெம்பிராண்ட்' 1936இல் வந்தது. என் கணக்கில் அவர் இயக்கியதிலேயே சிறந்தது அதுதான். கடனில் மூழ்கிய ஓவியர், பொருட்கள் ஏலம் போன வீடு, விடாமல் வரைகிற கை. வியாபாரத்தில் அது தோற்றது. அடுத்த வருடம், ரோமப் பேரரசர் ஒருவரைப் பற்றிய 'நான், கிளாடியஸ்' பாதியில் நின்றது. இயக்குநர் ஸ்டெர்ன்பெர்க்கும் லாட்டனும் ஒத்துப்போகவே இல்லை. பாத்திரம் பிடிபடாமல் லாட்டன் நாள் கணக்கில் தவித்தார். மார்ச் மாதம் மெர்ல் ஓபரானுக்குக் கார் விபத்து ஏற்பட்டதும் படத்தை மூடிவிட்டார்கள். மிஞ்சிய காட்சிகளை வைத்து 1965இல் பிபிசி ஒரு ஆவணப்படம் செய்தது. அதைக் கட்டாயம் சேருங்கள். செனட் சபை முன் கிளாடியஸ் திக்கித் திக்கி ஆரம்பித்து மெல்ல மெல்ல அரசனாக நிமிரும் காட்சி மட்டும் போதும், என்ன இழந்தோம் என்று தெரிய.

சரி, இனி நான் அதிகம் வற்புறுத்த விரும்பும் பகுதி. கோர்டா தொடர் என்றால் ஹென்றி, ரெம்பிராண்ட், 'பாக்தாத் திருடன்' என்று மூன்றைப் போட்டுவிட்டு, சங்கடமான படங்களை ஒதுக்குவது வழக்கம். அந்தச் சங்கடமான படங்கள்தான் பிரிட்டிஷ் சாம்ராஜ்யப் படங்கள். அப்படி மூன்று நாலு படங்களைத் தம்பி ஸோல்தான் இயக்கத்தில் அண்ணன் எடுத்தார்.

1935இல் வந்த 'சாண்டர்ஸ் ஆஃப் தி ரிவர்' நைஜீரியாவில் நடக்கும் கதை. ஸோல்தான் ஆப்பிரிக்காவுக்கே போய் நடனங்களையும் மனிதர்களையும் படம்பிடித்து வந்தார். அதைப் பார்த்துத்தான் கறுப்பின அமெரிக்கப் பாடகரும் நடிகருமான பால் ராப்சன் நடிக்கச் சம்மதித்தார். தன் மூதாதையர் பண்பாடு திரையில் கௌரவமாக வரும் என்று நம்பினார். முடிந்து வந்த படமோ, ஒரு வெள்ளைக்கார அதிகாரி இல்லாவிட்டால் ஆப்பிரிக்கர்கள் ஒருவரை ஒருவர் வெட்டிச் சாவார்கள் என்று சொன்னது. ராப்சன் கொதித்துப்போனார், பின்னால் அந்தப் படத்தைப் பகிரங்கமாக மறுதலித்தார். அதில் கூட்டத்தில் ஒருவராக நின்ற துணை நடிகர்களில் ஒருவர் ஜோமோ கென்யாட்டா, சுதந்திர கென்யாவின் முதல் தலைவர். எடுக்கும்போது ஒரு படம், வெளிவந்தபோது வேறு படம். நடுவில் அதை மாற்றும் அதிகாரம் யாரிடம் இருந்தது? இயக்குநரின் பெயரை மட்டும் படித்துக்கொண்டிருந்தால் இந்தக் கேள்வி எழவே எழாது. இத்தனைக்கும் ஸோல்தானுக்கு ஆப்பிரிக்கர்கள் மீது அனுதாபம் இருந்தது. 1951இல் தென்னாப்பிரிக்காவின் நிறவெறிக் கொடுமையைப் பற்றி அவர் எடுத்த 'அழு, என் நேச நாடே' அதற்குச் சாட்சி. அண்ணனும் தம்பியும் இந்த விஷயத்தில் மோதிக்கொண்டார்கள். பணம் அண்ணனிடம் இருந்தது.

'எலிபண்ட் பாய்' கதையும் அப்படித்தான். ஆவணப்பட இயக்குநர் ராபர்ட் பிளாஹர்ட்டி மைசூருக்கு வந்து மாதக்கணக்கில் காட்டையும் யானைகளையும் படம்பிடித்தார். காரப்பூரில் ஒரு பாகனின் அநாதை மகன் கிடைத்தான். பெயர் சாபு, வயது பதினொன்று சுமார். பிளாஹர்ட்டி எடுத்துக்கொண்டே இருந்தார், கதை மட்டும் வரவில்லை. கோர்டா அவரைத் திருப்பி அழைத்து, சாபுவையும் அவனுடைய அண்ணனையும் லண்டனுக்குக் கொண்டுவந்து, மீதியை டென்ஹாமில் செட் போட்டு ஸோல்தானை வைத்து முடித்தார். 1937இல் வெனிஸ் திரைப்பட விழாவில் பிளாஹர்ட்டி, ஸோல்தான் இருவருக்கும் சேர்த்துச் சிறந்த இயக்குநர் பரிசு கிடைத்தது. படத்தைக் கவனித்துப் பாருங்கள். மைசூர் வெளிச்சத்தில் யானையின் மேல் சாபு இருக்கும் காட்சிகளில் பையன் தன் வீட்டில் இருக்கிறான். டென்ஹாம் காட்சிகளில் மனப்பாடம் செய்த ஆங்கிலம் பேசுகிறான். ஒரே படத்துக்குள் இரண்டு படம் ஓடுகிறது, ஒட்டுப்போட்ட இடம் கண்ணுக்குத் தெரிகிறது.

அதே சாபுவை வைத்து 1938இல் வண்ணத்தில் எடுத்தது 'தி ட்ரம்'. வடமேற்கு எல்லைப்புறத்துச் சமஸ்தானம், ஆங்கிலேயருக்கு நண்பனான குட்டி இளவரசன், சூழ்ச்சிக்காரச் சித்தப்பன். இந்தப் படத்துக்குப் பம்பாயிலும் நம் சென்னையிலும் கடும் எதிர்ப்பு கிளம்பியது. இந்தியர்களை இழிவுபடுத்துகிறது, இந்து முஸ்லிம் பகையைக் கிளறுகிறது என்று போராடினார்கள். படத்தைத் தியேட்டர்களிலிருந்து எடுக்க வேண்டியதாயிற்று. சென்னையில் சினிமா பார்த்தவர்கள் ஒரு சர்வதேசத் தயாரிப்பாளருக்குக் கொடுத்த பதில் அது. அதை எந்தச் சினிமா வரலாற்று வகுப்பில் சொல்லிக்கொடுக்கிறோம்? சென்னையில் தொடர் நடத்தும் சங்கங்களாவது 'தி ட்ரம்' திரையிடும் அன்று அந்த எதிர்ப்பின் கதையைப் படத்துக்கு முன்பாகவே சொல்லுங்கள்.

கோர்டா ஏன் இப்படி ராஜாவை மிஞ்சிய ராஜ விசுவாசியாக ஆனார்? காசுக்காக என்று சொல்லிவிட்டுப் போவது சுலபம். காசும் ஒரு காரணம்தான், இந்தப் படங்கள் நன்றாக ஓடின. ஆனால் அவர் 'தி ட்ரம்' வெளியிட்ட அதே 1938இல் ஹங்கேரி முதல் யூதச் சட்டத்தைக் கொண்டுவந்தது. சினிமா, நாடகம், பத்திரிகை உட்பட பல தொழில்களில் யூதர்கள் இருபது சதவீதத்துக்கு மேல் இருக்கக் கூடாது என்றார்கள். பெர்லினில் அவர் வேலை பார்த்த ஸ்டூடியோக்களின் கதவு 1933லேயே யூதர்களுக்கு மூடப்பட்டாயிற்று. ஒரு தடவை கைதாகி மீண்டு வந்த மனிதருக்கு, போலீஸ் கதவைத் தட்டாத ஒரே ஊராக லண்டன் இருந்தது. அந்த ஊரை ஆளும் சாம்ராஜ்யம் நல்லது என்று அவர் நம்ப விரும்பினார், நம்பவும் செய்தார் என்றுதான் நினைக்கிறேன். அவர் நன்றி எனக்குப் புரிகிறது. அந்த நன்றிக்கு விலை கொடுத்தவர்கள் ராப்சனும் மெர்ல் ஓபரானும் நம் ஊர்ப் பார்வையாளர்களும் என்பதையும் மறக்க முடியாது. இந்த இரண்டையும் ஒரே தொடரில் பார்வையாளர்கள் காண வேண்டும் என்பதற்காகத்தான் இவ்வளவு எழுதுகிறேன்.

முடிவு அவருக்கும் கடினமாகவே வந்தது. 1937 வாக்கில் பிரிட்டிஷ் சினிமாவில் கடன் கொடுத்தவர்கள் எல்லாரும் ஒரே சமயத்தில் கையை இழுத்துக்கொண்டார்கள். கொட்டிய பணம் திரும்பவில்லை என்று புருடென்ஷியல் கணக்குக் கேட்டது. 1939க்குள் டென்ஹாம் அவர் கையை விட்டுப் போய், பைன்வுட் என்ற இன்னொரு ஸ்டூடியோவோடு சேர்ந்து ஆர்தர் ராங்க் என்ற சினிமா முதலாளியின் குடைக்குள் வந்தது. தான் கட்டிய ஸ்டூடியோவிலேயே வாடகைக்குப் படம் எடுக்கும் நிலை. அந்த நிலையிலும் சூடான் பாலைவனத்தில் 'தி ஃபோர் ஃபெதர்ஸ்' எடுத்தார், 'பாக்தாத் திருடன்' தொடங்கினார். செப்டம்பரில் போர் அறிவித்ததும், பாக்தாத் வேலையை அப்படியே நிறுத்திவைத்து, விமானப் படையைப் பற்றி ஒரு படத்தைச் சில வாரங்களில் முடித்துக் கொடுத்தார்.

தொடருக்கு என் யோசனை எட்டுப் படம்: 'தங்க மனிதன்', 'மரியுஸ்', 'எட்டாம் ஹென்றி', 'சாண்டர்ஸ்', 'ரெம்பிராண்ட்', 'எலிபண்ட் பாய்', கிளாடியஸ் ஆவணப்படம், 'தி ட்ரம்'. இதே வரிசையில் காட்டுங்கள். 'சாண்டர்ஸ்' முடிந்த கையோடு 'ரெம்பிராண்ட்' வருவது முக்கியம். இரண்டும் ஒரே மனிதரின் காசோலையில் எடுத்தவை. கலந்துரையாடலுக்கு விமர்சகர்களோடு ஒரு தயாரிப்பு நிர்வாகியையும் கூப்பிடுங்கள். பட்ஜெட் போட்டு, கடன் வாங்கி, ஷெட்யூல் தவறி இரவில் தூங்காமல் இருந்தவர் ஒருவர் கோர்டாவைப் பற்றிப் பேசினால் நமக்குத் தெரியாத பல விஷயங்கள் வெளிவரும். எட்டுப் படத்துக்கும் தமிழில் குறிப்பு வேண்டுமென்றால் நான் எழுதித் தருகிறேன், சம்பளம் வேண்டாம். அடுத்த ஆண்டுத் திட்டம் போடுவதற்குள் உங்களில் ஒரு சங்கமாவது பதில் எழுதுங்கள்.

அன்புடன்,
உங்கள் திரையிடல்களுக்குத் தவறாமல் வரும் ஒரு பார்வையாளர்